மூன்று பிடி மண், சட்டப்படி ஒரு கன மீட்டர்

கெடா மாநிலத்தின் கனிம வளத்தைக் கடத்தியவர்கள் பட்டியலில் புவனேசனின் பெயர் ஒரு சனிக்கிழமை காலை ஒன்பது இருபதுக்கு ஏறியது. அந்த நேரத்தில் அவர் வாயில் மஞ்சள் துணி கட்டியிருந்தார்.

செர்டாங் வட்டாரத்தில் புவனேசனைத் தெரியாதவர்கள் குறைவு. கல்யாணமோ கருமாதியோ, கூடாரமும் சிவப்பு பிளாஸ்டிக் நாற்காலிகளும் அவரிடமிருந்துதான் வரும். அவற்றை ஏற்றிப்போக ஒரு டன் லோரி ஒன்று வைத்திருந்தார். அது ஓடினால் அவர் முதலாளி. ஓடாவிட்டால் இருநூறு நாற்காலிகளை அடுக்கி வைத்துவிட்டு உட்கார இடமில்லாமல் நிற்கும் ஒரு மனிதர்.

டன்மோர் தோட்டம் அந்த ஆண்டு கைமாறியது. வாங்கிய நிறுவனம், மாரியம்மன் கோயில் இருந்த செம்மண் மேட்டை வெட்டி, பத்துச் சக்கர லோரிகளில் மண்ணை வெளியே அனுப்பத் தொடங்கியது. கோயிலுக்குப் பதிலாக ஆற்றோரத் தாமான் குடியிருப்புக்குப் பின்னால் ஒரு துண்டு நிலம் தந்தார்கள். அம்மன் அங்கே போகவேண்டுமென்றால் முதலில் பிடிமண் போகவேண்டும். பழைய கருவறையிலிருந்து மூன்று பிடி மண் எடுத்து, செம்பில் போட்டு, புதிய இடத்தில் கொண்டுபோய் இறக்க வேண்டும். சிலை, கோபுரம் எல்லாம் அதற்குப் பிறகுதான். மண்ணைச் சுமப்பவர் இறக்கி வைக்கும்வரை வாய் திறக்கக்கூடாது. திறந்துவிட்டால் செம்பில் இருப்பது வெறும் மண்.

யார் சுமப்பது என்று முடிவு செய்யக் கோயில் கமிட்டி மூன்று கூட்டங்கள் போட்டது. தலைவர் சீனிவாசகத்துக்கு ஆசை இருந்தது. ஓய்வுபெற்ற தலைமையாசிரியர் அவர்; நன்றியுரைக்கு எழுந்தாலே நாற்பது நிமிடம். யோசித்துப் பார்த்து அவரே விலகிக்கொண்டார்.

“புவனேசன் தூக்கட்டும். அவருகிட்டதான் லோரியும் இருக்கு,” என்றார்.

“வீட்லயும் அவரு வாயத் தொறக்கறதில்ல சார்,” என்று புவனேசனின் மனைவி நளினி வழிமொழிந்தார். தீர்மானம் ஏகமனதாக நிறைவேறியது.

சனிக்கிழமை காலை மருதம்மாள்தான் மண்ணை அள்ளினார். தோட்டத்தில் ரப்பர் பால்மரம் சீவி ஓய்வு பெற்றவர். முப்பத்தொரு வருடமாக அந்தக் கோயிலைக் கூட்டிப் பெருக்கியவர் அவர் ஒருவர்தான். கமிட்டியில் அவர் பெயர் இல்லை. மூன்று பிடி அள்ளிச் செம்பில் போட்டு, சிவப்புத் துணியால் வாயைக் கட்டி, புவனேசனின் கையில் கொடுத்தார். புவனேசனின் வாயையும் மஞ்சள் துணியால் அவரே கட்டினார்.

“பாத்துப் போப்பா. அவ ஒங்கூடத்தான் வர்றா,” என்றார்.

புவனேசன் செம்பை மடியில் வைத்துக்கொண்டு லோரியை எடுத்தார். மாலையில் தாமானில் ஒரு பிறந்தநாள் விருந்து இருந்ததால் பின்னால் நூற்றிருபது நாற்காலிகளும் இருந்தன. கமிட்டி மூன்று கார்களில் பின்தொடர்ந்தது. ஆனால் யாரும் பசியாறியிருக்கவில்லை. நான்காவது கிலோமீட்டரில் ரொட்டி சானாய் கடை ஒன்று வந்தது. அம்மனுக்குப் பாதுகாவலாகக் கிளம்பிய மூன்று கார்களும் அங்கே நின்றன.

ஐந்தாவது கிலோமீட்டரில் போலீஸ் சாலைத் தடுப்பு இருந்தது.

அனுமதியில்லாமல் மண்ணும் மணலும் ஏற்றிப்போகும் வாகனங்களைப் பிடிக்கும் சிறப்பு நடவடிக்கை அது. புவனேசனுக்கு முன்னால் டன்மோர் மேட்டைச் சுமந்துகொண்டு நான்கு பத்துச் சக்கர லோரிகள் நின்றன. கண்ணாடியில் ஒட்டியிருந்த அனுமதித் தாளைப் பார்த்த போலீஸ்காரர்கள் ஒவ்வொன்றையும் கையசைத்து அனுப்பிவைத்தார்கள். போகிற வழியெல்லாம் அவற்றிலிருந்து செம்மண் கொட்டிக்கொண்டே போனது.

புவனேசனின் லோரியை நிறுத்தியவர் கார்ப்பரல் சத்தியசீலன். நம் ஆள்தான்.

“என்னாண்ணே, வாயில துணி? பல்லு வலியா?”

புவனேசன் தலையை ஆட்டி, இல்லை என்றார்.

“பின்னால நாக்காலி தெரியுது. மடியில என்னா?”

புவனேசன் வானத்தைப் பார்த்துக் கும்பிட்டார்.

“அட, பேசுங்கண்ணே. இன்ஸ்பெக்டர் பாக்குறாரு. வாயத் தொறந்து சொன்னா ‘போலாம்’னு விட்ருவேன்லா.”

வாயைத் திறப்பதைத் தவிர வேறு எது கேட்டிருந்தாலும் புவனேசன் செய்திருப்பார். வேர்த்து ஒழுகியது. கார்ப்பரலின் சட்டைப் பையிலிருந்த பேனாவைக் காட்டி, எழுதித் தருகிறேன் என்று சைகை செய்தார். சத்தியசீலன் குறிப்பேட்டை நீட்டினார்.

‘கோயில் பொருள்’ என்று எழுதியிருக்கலாம். ‘பிரசாதம்’ என்றுகூட எழுதியிருக்கலாம். ஆனால் புவனேசன் பள்ளிக்கூடத்தில், கேட்ட கேள்விக்கு மட்டும் பதில் எழுது என்று அடி வாங்கி வளர்ந்தவர். மடியில் என்ன என்று கேட்டார்கள். மடியில் மண் இருந்தது. மலாயில், பெரிய எழுத்தில், ‘மண்’ என்று எழுதினார். பழக்கதோஷத்தில் கீழே கையெழுத்தும் போட்டு, அடையாள அட்டை எண்ணையும் எழுதிக் கொடுத்தார்.

சத்தியசீலன் அதைப் பார்த்துவிட்டுத் தலையில் கைவைத்தார். அதற்குள் இன்ஸ்பெக்டர் வந்துவிட்டார். குறிப்பேட்டை இரண்டு முறை படித்தார். அவர் கண்கள் கலங்கியது போலிருந்தது.

“பதினேழு வருடமாக இந்த வேலையில் இருக்கிறேன்,” என்றார் மலாயில். “மணலை ஏற்றிக்கொண்டு கல் என்பார்கள். கல்லை ஏற்றிக்கொண்டு கோழித் தீவனம் என்பார்கள். மண்ணை ஏற்றிக்கொண்டு மண் என்று எழுதிக் கையெழுத்துப் போட்டவர் நீங்கள் ஒருவர்தான். உங்களை விட்டுவிட்டால் நான் யாரைப் பிடிப்பது?”

லோரி, நூற்றிருபது நாற்காலிகள், செம்பு, புவனேசன் எல்லாம் நிலையத்துக்குப் போயின. நிலையத்தின் பெயரைச் சொல்ல வேண்டாம். அங்கே இருப்பவர்களும் சம்பளத்துக்கு வேலை செய்கிறவர்கள்.

நிலையத்தில் மண்ணை எடை போட்டார்கள். நானூற்றுப் பத்து கிராம். புவனேசன் செம்பை மடியில் வைத்துக்கொண்டு பெஞ்சில் உட்கார்ந்திருந்தார். பெயர் கேட்டார்கள், பேசவில்லை. ஊர் கேட்டார்கள், பேசவில்லை. மண் எங்கிருந்து வந்தது, யாருக்குப் போகிறது, பின்னால் இருக்கும் கும்பல் எது என்று கேட்டார்கள். பின்னால் இருக்கும் கும்பல் இரண்டாவது ரொட்டி சானாய் சொல்லிவிட்டுக் காத்திருந்தது. அதை எப்படிச் சைகையில் சொல்வது?

மூன்று மணி நேரம் புவனேசன் தாக்குப்பிடித்தார். இதைக் குறிப்பிட்டே ஆகவேண்டும். பசித்தது, தாகமெடுத்தது, ஒருமுறை தும்மல் வந்ததைக்கூட உள்ளேயே அடக்கினார். நடுவில் அவருக்குத் தன் மீதே கொஞ்சம் மரியாதை வந்தது.

பிறகு இன்ஸ்பெக்டர் ஜன்னலைக் காட்டினார். வெளியே இழுவை வண்டி ஒன்று வந்து புவனேசனின் லோரிக்குக் கொக்கி மாட்டிக்கொண்டிருந்தது.

“வாய் திறந்து உரிமை கோராத வாகனம் உரிமையாளர் இல்லாத வாகனம். உரிமையாளர் இல்லாத வாகனம் அரசாங்கத்துக்குப் போகும். அரசாங்கம் அதை நசுக்கி இரும்புக்குப் போடும்,” என்றார்.

லோரியின் முன்சக்கரம் தரையை விட்டு எழும்பியது. அதைப் பார்த்ததும் புவனேசனின் கை தானாகத் துணியைப் பிடித்து இழுத்துவிட்டது.

“துவான், அது என் லோரி! மண்ணை நீங்களே வச்சுக்குங்க துவான், மண்ணு எனக்கு வேணாம். லோரிய மட்டும் குடுத்துருங்க!”

சரளமான மலாயில், ஒரு தடங்கலும் இல்லாமல் வந்தது. மூன்று மணி நேரம் சேர்த்து வைத்த குரல் அல்லவா, நிலையம் முழுக்கக் கேட்டது. கார்ப்பரல் சத்தியசீலன் அதை அப்படியே தட்டச்சு செய்தார். நேரம் போட்டார்: பன்னிரண்டு நாற்பத்தேழு. இன்ஸ்பெக்டர் செம்பைப் புவனேசனின் கையிலிருந்து எடுத்து, துணியோடு ஒரு பிளாஸ்டிக் பையில் போட்டு முத்திரை வைத்தார்.

புவனேசனின் மடி லேசாகிவிட்டது. அதை உணர்ந்த கணத்தில் அவருக்குக் காது இரண்டும் சுட்டது.

வாசலில் கார்கள் வந்து நின்ற சத்தம் கேட்டது. கமிட்டி. சீனிவாசகத்தின் குரல் படியேறி வந்தது. அப்போது புவனேசன் செய்த காரியம்தான் அவரை இன்றுவரை தூங்கவிடாமல் வைத்திருக்கிறது. லோரியைக் கேட்டதுகூட அல்ல. தரையில் கிடந்த மஞ்சள் துணியை எடுத்து மறுபடியும் வாயில் கட்டிக்கொண்டார்.

“பாருங்கய்யா!” என்று சீனிவாசகம் வாசலிலேயே நின்றுவிட்டார். “போலீஸ் பாலாய்ல மூணு மணி நேரம் வச்சு விசாரிச்சும் மனுசன் வாயத் தொறக்கல! துணிகூட அவுக்கல!”

கார்ப்பரல் சத்தியசீலன் ஏதோ சொல்ல வாயெடுத்தார். புவனேசன் அவரைப் பார்த்தார். அந்தப் பார்வையை மொழிபெயர்க்கத் தேவையில்லை. சத்தியசீலன் கணினிப் பக்கம் திரும்பிக்கொண்டார்.

லோரியை வைத்துக்கொண்டு புவனேசனை மட்டும் வீட்டுக்கு அனுப்பினார்கள். வீட்டில் நளினி சோறு போட்டுக்கொண்டே கேட்டார். “நெசமாவே பேசலியா?”

புவனேசன் சாம்பாரை ஊற்றிக்கொண்டார்.

“வாயத் தொறந்து ஒரு வார்த்த சொன்னா அப்பவே விட்ருப்பானுங்களாமே. ஒங்களுக்கு ஏன் இந்தப் புடிவாதம்?” என்று திட்டினார் நளினி. திட்டியபடி ஒரு முட்டையைப் பொரித்து இலையில் வைத்தார். கல்யாணமாகி இருபது வருடத்தில் அவர் கணவரைப் பெருமையாகப் பார்த்தது அதுதான் முதல்முறை. அந்த முட்டையைப் புவனேசனால் விழுங்க முடியவில்லை.

ஞாயிற்றுக்கிழமை புதிய கோயில் நிலத்தில் பேனர் ஏறியது. ‘மௌனம் காத்த மாவீரர்’ என்ற எழுத்துக்குக் கீழே வாயில் துணி கட்டிய புவனேசனின் படம். பேனர் கட்டக் கம்பம் கேட்டு அவரிடமே ஆட்கள் வந்தார்கள். அவர்தான் கொடுத்தார்.

திங்கட்கிழமை நில அலுவலகத்துக்குப் போனார். வழக்கு போலீஸிடமிருந்து அங்கே மாறியிருந்தது. முகப்பில் இருந்தவர் கலைமகள். நல்ல பெண், எல்லாரையும் ‘அண்ணே’ என்றுதான் கூப்பிடுவார், எல்லாருக்கும் கெட்ட செய்திதான் சொல்வார்.

“ஒரு சின்ன பிரச்சினண்ணே. ஒங்க மண்ணு நானூத்திப் பத்து கிராம். அத கன மீட்டராக்கினா பூஜ்யம் புள்ளி பூஜ்யம் பூஜ்யம் பூஜ்யம் மூணு வருது. சிஸ்டம் எடுக்க மாட்டேங்குது. கொறஞ்சது ஒரு கன மீட்டர் இருக்கணும்.”

“அப்ப என் பேர்ல கேசே இல்லதானே?” என்றார் புவனேசன்.

“அப்படிச் சொல்லாதீங்க. நான் ஒன்னுன்னு போட்டுட்டேன்.”

“ஒரு கன மீட்டரா? அது என் லோரில பாதியாச்சேம்மா! அவ்வளவு மண்ணுக்கு நான் எங்க போறது?”

“அதத்தான் மேல கேக்குறாங்க. ஒரு கன மீட்டர் எடுத்திருக்கீங்க, நானூறு கிராம்தான் புடிபட்டிருக்கு. மிச்சத்த யாருக்கு வித்தீங்க?”

புவனேசன் பக்கத்திலிருந்த நாற்காலியைப் பிடித்துக்கொண்டார். சிவப்பு பிளாஸ்டிக் நாற்காலி. முதுகில் அவர் பெயர் எழுதியிருந்தது. சுற்றிலும் பார்த்தார். காத்திருப்புக் கூடம் முழுக்க அவருடைய நாற்காலிகளில்தான் மக்கள் உட்கார்ந்திருந்தார்கள்.

“வழக்குப் பொருள்ணே. மழையில நனையக்கூடாதுன்னு உள்ள கொண்டாந்து வச்சோம்,” என்றார் கலைமகள். “நீங்க வேணும்னா ஒக்காந்துக்கலாம். தொடக்கூடாது, அவ்வளவுதான்.”

மீதி மண்ணுக்குக் கலைமகளே ஒரு வழி சொன்னார். வரும் வழியில் சாலையில் சிந்திவிட்டது என்று எழுதிக் கொடுத்துவிடலாம். புவனேசன் எழுதிக் கொடுத்தார். விற்ற குற்றம் நீங்கியது. அடுத்த வாரம் நகராண்மைக் கழகத்திலிருந்து சம்மன் வந்தது: பொதுச் சாலையில் ஒரு கன மீட்டர் மண்ணைக் கொட்டி அசுத்தப்படுத்தியது.

சிந்தாத மண்ணுக்காகப் புவனேசன் அபராதம் கட்டினார். கட்டிவிட்டு வெளியே வந்தபோது பத்துச் சக்கர லோரி ஒன்று அவர் சட்டையில் செம்மண்ணைத் தூவிவிட்டுப் போனது.

இதற்கிடையில் நானூற்றுப் பத்து கிராமில் ஒரு பகுதியை ஆய்வுக்கு அனுப்பினார்கள். ஆய்வறிக்கை அலோர் ஸ்டாரிலிருந்து வந்தது. மஞ்சள், குங்குமம், கற்பூரச் சாம்பல், சிறிது தேங்காய் நார். பொருளாதார மதிப்புள்ள கனிமம் எதுவும் இல்லை. புவனேசன் மகிழ்ந்தார். உதவி நில அதிகாரி என்சிக் ரோஸ்லான் மகிழவில்லை.

“மதிப்பில்லாத பொருளுக்காக ஒரு மனிதர் மூன்று மணி நேரம் வாய் திறக்காமல் இருப்பாரா?” என்று கேட்டார். “இதில் நமக்குத் தெரியாத மதிப்பு ஏதோ இருக்கிறது.” கோப்பில் அதை ‘மதிப்பு இன்னும் கண்டறியப்படாத கனிமம்’ என்று மாற்றினார். அலுவலகத்தில் அப்படி ஒரு வகை அதுவரை இல்லை. புவனேசனுக்காகத் தனி அலமாரி ஒதுக்கப்பட்டது.

லோரி போய் ஐந்து வாரமாயிற்று. ஐப்பசிக் கல்யாணங்கள் ஏழு கைவிட்டுப் போயின. சுங்கை பட்டாணிக்காரர் ஒருவர் வெள்ளை நாற்காலிகளோடு வந்து செர்டாங் பக்கம் ஊன்றிக்கொண்டார். நளினி ஒன்றும் கேட்கவில்லை. கேட்காதது இன்னும் மோசமாக இருந்தது.

ஒரு நாள் காலை மருதம்மாள் வீடு தேடி வந்தார். தண்ணீர்கூட வாங்கவில்லை.

“நேத்து தோட்டத்துப் பக்கம் போனேம்பா. மேடே இல்ல. கோயிலு இருந்த எடம் எதுன்னுகூடத் தெரியல. மட்டமா, கையில தடவினாப்ல கெடக்குது. ஒரு பிடி எடுத்துக்கலாம்னு பாத்தேன். கீழ வெள்ளக் களிமண்ணுதான் இருக்கு. அது நம்ம மண்ணு இல்ல.”

புவனேசன் தரையைப் பார்த்தார்.

“இனிமே அந்தச் செம்புல இருக்கறதுதான் மிச்சம். நீ வாயத் தொறக்காமக் காப்பாத்தி வச்சது. எப்படியாச்சும் வாங்கிட்டு வந்துருப்பா.”

அவரிடம் சொல்லிவிடலாம் என்று புவனேசன் வாயைத் திறந்தார். “சரிங்கக்கா,” என்று மட்டும் வந்தது.

மறுநாள் என்சிக் ரோஸ்லான் அவரைக் கூப்பிட்டு அனுப்பினார். நல்ல மனநிலையில் இருந்தார். கோப்பைத் திறந்து விளக்கினார். விஷயம் மிக எளிது. நிலையத்தில் பன்னிரண்டு நாற்பத்தேழுக்கு, மண்ணை வைத்துக்கொள்ளுங்கள் என்று புவனேசன் தாமாகவே சொல்லியிருக்கிறார். மண்ணைத் தாமாக ஒப்படைத்தவரின் வாகனத்தை விடுவிக்கச் சட்டத்தில் இடமுண்டு.

“மண்ணும் வேணும்னா, துவான்?” என்று மெல்லக் கேட்டார் புவனேசன்.

“அப்படியானால் சொன்னதை வாபஸ் வாங்க வேண்டும். வழக்கு நீதிமன்றம் போகும். அதுவரை லோரி சாட்சிப் பொருளாக நிற்கும். இரண்டு வருடமாகலாம். லோரிகளுக்கு அது நல்லதல்ல.” பேனாவை எடுத்தார். “மண்ணா, லோரியா?”

முதல்முறை சொன்னபோது கொக்கி மாட்டிய பதற்றம் இருந்தது. இம்முறை குளிர்சாதன அறை, மெத்தை நாற்காலி, எதிரில் ஒரு கோப்பை தேநீர்கூட இருந்தது. வாய் திறந்தபோதே அது வெறும் மண்ணாகிவிட்டதே, இனி அதைக் காப்பாற்றி என்ன என்று புவனேசன் தனக்குத்தானே ஒரு நியாயம் சொல்லிப் பார்த்தார். நியாயம் நன்றாகத்தான் இருந்தது. தேநீர்தான் இறங்கவில்லை.

“லோரி,” என்றார்.

“நல்லது. உங்கள் வாக்குமூலம் உங்கள் சமூகத்தைச் சேர்ந்த இரண்டு சாட்சிகள் முன்னால் உரக்கப் படிக்கப்பட்டு, அவர்கள் கையெழுத்திட வேண்டும். வெளிப்படைத்தன்மை.”

அடுத்த நான்கு நாட்கள் புவனேசன், கெடாவில் மலாய் தெரியாத இரண்டு தமிழர்களைத் தேடினார். மெர்கோங்கில் ஒரு கடைக்குத் தமிழ்நாட்டிலிருந்து புதிதாக ஒரு சமையற்காரர் வந்திருப்பதாகக் கேள்விப்பட்டு, பஸ்ஸில் போய்ப் பார்த்தார். சமையற்காரர் வந்து எட்டு மாதமாகியிருந்தது. மலாயில் மீன் வியாபாரியோடு சண்டை போட்டுக்கொண்டிருந்தார், நன்றாகவே போட்டார்.

ஐந்தாவது நாள், சாட்சிகள் தாமதமாவதால் நில அலுவலகமே கோயில் கமிட்டியைத் தொலைபேசியில் அழைத்தது. தலைவரும், மண்ணை அள்ளிக் கொடுத்தவரும் வரவேண்டும் என்று கேட்டுக்கொண்டது.

வெள்ளிக்கிழமை காலை, போலீஸ் வாகனக் கொட்டடிக்குப் பக்கத்திலிருந்த மண்டபத்தில் அதை ஒரு சிறிய விழாவாகவே வைத்திருந்தார்கள். சீனிவாசகம் ஜிப்பா போட்டு, பொன்னாடை ஒன்றோடு வந்தார். மருதம்மாள் துவைத்த புடவையில், சிவப்புத் துணி சுற்றிய ஒரு காலிச் செம்போடு வந்தார். பழைய செம்பை முத்திரையோடு வைத்துக்கொள்வார்களாம், மண்ணை மட்டும் மாற்றித் தந்தால்கூடப் போதும் என்றார். நளினியும் வந்திருந்தார். எல்லாரும் சிவப்பு நாற்காலிகளில் உட்கார்ந்தார்கள்.

என்சிக் ரோஸ்லான் பேசினார்.

“இந்த மாவட்டத்தில் ஒவ்வொரு துகள் மண்ணுக்கும் ஒரு கோப்பு உண்டு. பெரிய நிறுவனங்களை நாங்கள் பிடிப்பதில்லை என்று சிலர் குறை சொல்கிறார்கள். பெரிய நிறுவனங்களிடம் எல்லாத் தாள்களும் இருக்கின்றன. எங்களுக்கு நிச்சயமாகத் தெரியும்; நாங்கள்தான் கொடுத்தோம். தாள் இருப்பவரைப் பிடிப்பது சட்டவிரோதம். ஆகவே தாள் இருக்கிறதென்றே தெரியாதவர்களைப் பிடிக்கிறோம்.”

வெளியே பத்துச் சக்கர லோரிகள் வரிசையாகப் போகவே, தூசிக்காக ஜன்னல்களைச் சாத்தினார்கள். அவர் தொடர்ந்தார்.

“இந்த ஆண்டு மண் கடத்தியவர் ஒருவர் பிடிபட்டார். அவர் எழுத்து மூலம் ஒப்புக்கொண்டார். நூற்றுக்கு நூறு வெற்றி. இந்த வெற்றியில் என்சிக் புவனேசனுக்கும் பங்குண்டு.”

சீனிவாசகம் கைதட்டினார். என்னவென்று புரியாவிட்டாலும் மேடையில் பேசுவதற்குக் கைதட்டிவிடுவது அவர் வழக்கம்.

கலைமகள் கோப்போடு எழுந்தார். ஒரு கணம் புவனேசனைப் பார்த்தார். “அண்ணே, மெதுவாப் படிக்கவா?” என்று கேட்டார். அதிகாரி, உரக்க என்றார்.

அவர் படித்தார். காலை ஒன்பது ஐம்பதிலிருந்து பன்னிரண்டு நாற்பத்தாறு வரை சந்தேக நபர் பேசவில்லை. சீனிவாசகம் பெருமையோடு மற்றவர்களைத் திரும்பிப் பார்த்தார். பன்னிரண்டு நாற்பத்தேழுக்குச் சந்தேக நபர் வாயிலிருந்த துணியைத் தாமே அகற்றி, தெளிவான குரலில் கூறியது பின்வருமாறு.

பின்வருமாறு என்பதையும் அவர் படித்தார்.

சாத்திய ஜன்னலுக்கு வெளியே லோரிகள் போகும் சத்தம் மட்டும் கேட்டது. நளினி கைப்பையின் ஜிப்பைத் திறந்தார், மூடினார். மருதம்மாள் முகத்தை உயர்த்தாமல், மடியிலிருந்த காலிச் செம்பின் துணியை அவிழ்த்து நான்காக மடித்து உள்ளே வைத்தார்.

“சாட்சிகள் கையெழுத்திடலாம்,” என்றார் அதிகாரி.

சீனிவாசகம் போட்டார். வாழ்க்கையிலேயே முதல்முறையாக ஒரு வார்த்தை பேசாமல் ஒரு காரியத்தைச் செய்தார். மருதம்மாள் தமிழில் தன் பெயரை ஒவ்வொரு எழுத்தாக எழுதினார். புள்ளி வைக்க மறந்த இடத்தில் திரும்ப வந்து வைத்தார். புவனேசனின் கையில் லோரிச் சாவியைக் கொடுத்துப் படம் எடுத்தார்கள். சிரிக்கச் சொன்னார்கள். சிரித்தார்.

வெளியே வந்ததும் சீனிவாசகம் பொன்னாடையை மடித்துக் காருக்குள் வைத்தார்.

“பேனர இன்னிக்கே எறக்கச் சொல்றேன்,” என்றார் வேறு பக்கம் பார்த்தபடி. “கம்பம் ஒங்களதுதான். வந்து எடுத்துக்குங்க.” பிறகு குரலைத் தணித்து, “பத்தாம் தேதி பூஜ. ஆத்தோரத்துலயே மூணு பிடி எடுத்துப் போட்டுக்கலாம். மண்ணு மண்ணுதானே. யாருக்குத் தெரியப்போகுது?” என்றார். மருதம்மாள் பக்கத்தில் நிற்பதைப் பார்த்துவிட்டு, காரில் ஏறிப் போய்விட்டார்.

நளினி, “நான் பஸ்ஸுல போயிக்கிறேன்,” என்றார்.

“லோரி இருக்கே,” என்றார் புவனேசன்.

“ஆமா. லோரி இருக்கு,” என்றார் நளினி. பஸ் நிறுத்தத்தை நோக்கி நடந்தார்.

கொட்டடியில் லோரி ஆறு வார மழையில் நனைந்து நின்றது. பாட்டரி உயிரோடு இருந்தது. இரண்டாவது முறையிலேயே கிளம்பியது. அந்தச் சத்தம் கேட்டதும் புவனேசனுக்கு நெஞ்சு நிறைந்தது. நிறைந்ததை உணர்ந்து உடனே வெட்கமும் வந்தது. வாசலுக்கு ஓட்டி வந்தார். காவலர் கை காட்டி நிறுத்தினார். இளைஞர், மரியாதையானவர்.

“பாக்சிக், சக்கரத்தைப் பாருங்கள்.”

ஆறு சக்கரங்களிலும் செம்மண் அப்பியிருந்தது.

“மண்ணோடு சாலையில் ஏறக்கூடாது. உங்கள் பேரில் ஏற்கெனவே சாலையில் மண் கொட்டியதாக ஒரு பதிவு இருக்கிறது. இன்னொன்று வந்தால் லோரி திரும்ப உள்ளேதான்.” ரப்பர் பூட்ஸும் தண்ணீர்க் குழாயும் எடுத்துக் கொடுத்தார். பேச்சுக்குச் சொன்னார்: “இங்கே முன்பு சகதி. மேலதிகாரி வருகிறார் என்று போன மாதம் மண் கொட்டி மேடாக்கினார்கள். நல்ல மண், டன்மோர் மேட்டு மண். அந்தக் கோயில் இருந்த இடத்திலிருந்து கடைசி ஐம்பது லோரி இங்கேதான் வந்தது. எல்லாம் தாளோடு.”

மருதம்மாளும் வாசலில்தான் நின்றிருந்தார். அவருக்கும் மலாய் தெரியும்.

புவனேசன் கொட்டடியைப் பார்த்தார். பிடிபட்ட மோட்டார் சைக்கிள்களுக்கும் உடைந்த கார்களுக்கும் கீழே, வேலி முதல் வேலி வரை சிவப்பாகக் கிடந்தது. கை நீட்டினால் எடுத்துவிடலாம். காவலர் பார்த்துக்கொண்டிருந்தார். சாவி புவனேசனின் பையில் இருந்தது.

அவர் பூட்ஸை மாட்டிக்கொண்டு குழாயைத் திறந்தார்.

முன்சக்கரத்திலிருந்து செந்நிறத் தண்ணீர் வழிந்து, சிமெண்டுத் தரையில் கிளை பிரிந்து, சாக்கடையை நோக்கி ஓடியது. அது மருதம்மாளின் காலடிக்கு வந்தது. அவர் குனிந்து, ஒரு காலில் தடுமாறி, இரண்டு செருப்புகளையும் கழற்றிச் சுவரோரம் வைத்தார். வெறுங்காலோடு வந்து அந்தத் தண்ணீரில் நின்றார். புவனேசனைப் பார்க்கவில்லை. ஓடுகிற தண்ணீரைத்தான் பார்த்துக்கொண்டிருந்தார்.

புவனேசன் பூட்ஸைக் கழற்றவில்லை. இன்னும் ஐந்து சக்கரங்கள் இருந்தன.